எட்டு

கோட்டையில் எங்கள் கந்தோருக்கு ஐந்து மாடி.
லிஃப்ட் நான்கோடு நின்றுவிடும்.
"வெள்ளைக்காரன் கட்டினது, மிஸ்"
என்பார் வாசல் காவல் ஹேவாவசம்,
தானே பிழையாகக் கட்டிவிட்டதுபோல வெட்கப்பட்டு.
நான்குக்கும் ஐந்துக்கும் நடுவே
தேக்குக் கைப்பிடி போட்ட எட்டுப் படி.
பித்தளை விளிம்பு.
வெள்ளிக்கிழமைகளில் துலக்குவார்களாம்.

நான் தரைத்தளம்.
ஆயுபோவன், வணக்கம், யாரோடு கதைக்க வேணும்?
பதினொரு வருஷமாய் ஆட்களை மேலே அனுப்புகிறேன்.
ஐந்துக்குப் போக என் குரலுக்கு
ஒரு பொத்தான் போதும்.

சின்ன வயதில் எல்லாரும் சொன்னது ஒரே சொல்: படி.
கால் வழங்காட்டி என்ன பிள்ளை, படி.
படித்தேன்.
வெள்ளவத்தை ரியூட்டரியில் வகுப்பு மேல்மாடி.
கீழே சைக்கிள்களுக்கு நடுவே சில்லுக் கதிரையை விட்டு,
ஜன்னலால் விழுந்த கணக்கியலைப் பொறுக்கினேன்,
மழை நாளில் பாதி நனைந்து,
கடலோர ரயில் போகும்போது ஒரு வரி விட்டு.
கடைசிப் பாகம், இரண்டாம் முயற்சி, பாஸ்.
சட்டம் போட்டு ஸ்விட்ச்போர்டுக்கு மேலே மாட்டியிருக்கிறேன்.
வருகிறவர்கள் அண்ணாந்து பார்த்துவிட்டு
"யாருடைய சேர்ட்டிபிக்கேட் இது?" என்று
என்னிடம் கேட்கிறார்கள்.

ஆட்டோவுக்கென்று மாதாமாதம் பயணப்படி தருகிறார்கள்.
அந்த ஒரு படிதான்
தானாக என்னிடம் இறங்கி வருகிறது.

மாதக் கடைசியில் இரண்டாம் மாடி ஃபர்ஸான் வருவான்,
பேரேட்டை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு.
"மிஸ், இது சமனாகுதில்லை."
அழைப்புகளுக்கு இடையில் பார்ப்பேன்.
எங்காவது ஒரு பூச்சியம்
பக்கத்து வீட்டில் போய் இருந்திருக்கும்.
சமனான பேரேடு மேலே ஏறும்
ஃபர்ஸானின் கையெழுத்தோடு.
நல்ல பிள்ளை. பிளேன்ரீ வாங்கித் தருவான்.
இப்போது அவன் மூன்றாம் மாடி.

உதவிக் கணக்காளர் வெற்றிடத்துக்கு நானும் போட்டேன்.
நேர்முகம் ஐந்தாம் மாடி, காலை பத்து.
நான்கில் லிஃப்ட் திறந்தபோது
நாலு பேர் நின்றார்கள், சேர்ட் கையை மடித்துவிட்டு,
ஆடிவேலுக்கு வந்தவர்கள் மாதிரி,
என்னைக் கதிரையோடு தூக்க.
சாமியைத்தான் இப்படித் தூக்குவார்கள்.
சாமியிடம் யாரும்
எவ்வளவு சம்பளம் எதிர்பார்க்கிறீர்கள் என்று கேட்பதில்லை.

"ஐயாமாரைக் கீழே வரச்சொல்லுங்கோ" என்றேன்.
பகிடி என்று நினைத்துச் சிரித்தார்கள்.
லிஃப்ட் கதவு தன்பாட்டில் மூடிக்கொண்டது.

பிறகு ஓகஸ்டில்
பெரியவருக்கு முழங்காலில் ஒப்பரேஷன்.
அந்தக் கிழமையே தரைத்தளத்துக்கு வந்தது
நீள மேசை, தண்ணீர்ப் போத்தல்கள்,
பதினான்கு தோல் கதிரை, புது ஏசி.
கழிவறைக் கதவை இடித்து அகலமாக்கினார்கள்.
வாசலின் ஒற்றைப் படிக்குப் பலகைச் சரிவு.
யாரும் இல்லாத நேரம் உருண்டு பார்த்தேன்.
நல்ல சரிவு. ஒரு தடக்கும் இல்லை.
மூன்று மாதம்
ஐந்தாம் மாடி என் பக்கத்து அறையில் இருந்து இருமியது.
கொம்பனி நட்டப்படவில்லை. நான் கணக்குப் பார்த்தேன்.

நவம்பரில் முழங்கால் சுகம்.
மேசை மேலே போனது.
பலகையைக் கழற்றி ஸ்ரோரில் சாத்தினார்கள்.
மறுநாள் காலை, பழையபடி,
ஹேவாவசம் குனிந்து என் சில்லைத் தூக்கினார்.
முகத்தைப் பார்க்கவில்லை.

இந்த வருஷமும் வெற்றிடம். புதுப் படிவம்.
கடைசிக் கேள்வி:
முன்னர் நேர்முகத்துக்குத் தோற்றாதிருப்பின், காரணம்.
நாலு வரி விட்டிருக்கிறார்கள்.
எனக்கு ஒரு சொல் போதும்.
எட்டு
என்று எழுதிக் கையொப்பமிட்டேன்.

விளங்காவிட்டால் போன் எடுத்துக் கேட்கட்டும்.
நான்தானே
பதில் சொல்லுவது.